அமார் பாட்டியும் அரை டஜன் அரசாங்கங்களும்

மாண்டலே என்றால் நமக்கு ஜெயில். திலகரை ஆறு வருஷம் உட்காரவைத்து, கீதைக்கு அவ்வளவு பெரிய உரை எழுதவைத்த ஊர். வெள்ளைக்காரர்களுக்கு மாண்டலே என்றால் கிப்ளிங் எழுதிய பாட்டு. 1890-ல் அந்தப் பாட்டு வந்ததும் லண்டன் குளிரில் நடுங்கிக்கொண்டிருந்தவர்கள் எல்லாம் மாண்டலேக்கு ஏங்கினார்கள். வேடிக்கை என்னவென்றால், கிப்ளிங் மாண்டலேக்குப் போனதே இல்லை. 1889-ல் கப்பல் போகிற வழியில் ரங்கூனையும் மௌல்மெயினையும் சில நாள் எட்டிப் பார்த்தார். முடிந்தது. சாப்பிடாத ஓட்டலுக்கு ஐந்து ஸ்டார் ரிவ்யூ போடும் பழக்கத்தை உலகில் தொடங்கிவைத்த புண்ணியவான் அவர்தான்.

அந்தப் பாட்டில் ஒரு பர்மியப் பெண் சுருட்டுப் பிடித்தபடி உட்கார்ந்திருப்பாள். கிப்ளிங்குக்கு அதில் காதல் தெரிந்தது. மாண்டலேயில் ஒரு குடும்பத்துக்கு அதில் வியாபாரம் தெரிந்தது. புகையிலை வாங்கி விற்பார்கள், சுருட்டும் சுற்றுவார்கள். பர்மியச் சுருட்டை நம் ஊர்ச் சுருட்டு என்று நினைத்துவிடாதீர்கள். பச்சை இலைக்குள் நறுக்கிய புகையிலையும் மரத்தூளும் கலந்து அடைத்து, வாய் வைக்கிற பக்கம் சோளத் தோகையைச் சுருட்டிச் செருகியிருப்பார்கள். சில சுருட்டுகள் கைப்பிடிக் கனம். ஆணும் பெண்ணும் பாட்டியும் சமமாகப் பிடிப்பார்கள். பெண் விடுதலை பேச வந்த வெள்ளைக்காரச் சீமாட்டிகள் இந்தக் காட்சியைப் பார்த்துவிட்டு எங்கே தொடங்குவது என்று தெரியாமல் விழித்திருப்பார்கள்.

அந்தச் சுருட்டு வீட்டில் 1915 நவம்பர் 29-ம் தேதி பிறந்தவர் அமார். பன்னிரண்டு பிள்ளைகளில் நாலாவது. அவ்வளவு பெரிய கூட்டத்தில் நாலாவதாகப் பிறந்த குழந்தைக்கு ஒரே ஒரு வழிதான் உண்டு. சத்தமாகப் பேச வேண்டும். அமார் அடுத்த தொண்ணூறு வருஷமும் அப்படித்தான் பேசினார்.

படிப்பு முதலில் அமெரிக்க பாப்டிஸ்ட் மிஷன் பள்ளியில். பிறகு மாண்டலே தேசியப் பள்ளி. பிள்ளைகளுக்கு பர்மிய உணர்வு ஊட்டுவதற்காகவே தொடங்கிய பள்ளிக்கூடம் அது. தலைமை ஆசிரியர் யார் தெரியுமா? அப்துல் ரசாக். அப்பா வழியில் முஸ்லிம், அம்மா பர்மிய பௌத்தர். ஒரு பௌத்த ராஜதானியில், ஒரு அப்துல் நின்றுகொண்டு, 'நீங்கள் எல்லாம் பர்மியர்கள், மறந்துவிடாதீர்கள்' என்று பாடம் நடத்தினார். ஊர் அவரைத் தலையில் வைத்துக் கொண்டாடியது. அவர் பின்னாளில் விடுதலைத் தலைவர் ஆங் சானின் மந்திரிசபையில் அமைச்சராகி, 1947 ஜூலை 19 அன்று ஆங் சானோடு சேர்ந்தே சுட்டுக் கொல்லப்பட்டார். இன்று பர்மாவில் யார் அசல் பர்மியர் என்று தராசு வைத்து நிறுக்கிற தேசபக்தர்கள் இந்த இடத்தில் மட்டும் லேசாகத் தொண்டையைச் செருமிக்கொள்வார்கள்.

அமார் எடுத்தது சயன்ஸ். மாண்டலே இன்டர்மீடியட் முடித்து, ரங்கூன் பல்கலைக்கழகத்துக்குப் போனார். போனவர் சோதனைக்குழாயைத் தொட்ட நேரத்தைவிடப் பேனாவைத் தொட்ட நேரம் அதிகம். ஓவே என்ற மாணவர் பத்திரிகையில் சொந்தப் பெயரில் எழுதினார். அது போதாமல் ம்யா மிந்த் சூ, கின் லா வின் என்று இன்னும் இரண்டு பெயர்களிலும் எழுதினார். ஃபேக் ஐடி என்பது பேஸ்புக் காலத்துக் கண்டுபிடிப்பு என்று நினைத்துக்கொண்டிருப்பவர்கள் திருத்திக்கொள்ளவும்.

அதே ஓவே பத்திரிகைதான் 1936-ல் வெடியைப் பற்றவைத்தது. பல்கலைக்கழக அதிகாரி ஒருவரை நரகத்து நாய் என்று வருணித்து ஒரு கட்டுரை வந்தது. எழுதியவர் பெயர் இல்லை. 'யார் எழுதியது, சொல்' என்று நிர்வாகம் ஆசிரியரை உலுக்கியது. ஆசிரியர் ஒல்லியான, சிடுமூஞ்சி மாணவர். பத்திரிகை தர்மம், சொல்ல மாட்டேன் என்றார். வெளியே அனுப்பினார்கள். அவர் பெயர் ஆங் சான். மாணவர் சங்கத் தலைவரையும், பிரின்சிபாலைத் திட்டிப் பேசினார் என்று, கூடவே அனுப்பினார்கள். அவர் பெயர் ஊ நூ. பர்மாவின் தேசத் தந்தையையும் முதல் பிரதமரையும் ஒரே மூச்சில் டிஸ்மிஸ் செய்த நிர்வாகம் உலகத்தில் வேறெங்கும் இருந்திருக்காது.

பிப்ரவரி 25-ம் தேதி ஸ்டிரைக். மாணவர்கள் கூண்டோடு கிளம்பி ஷ்வேடகோன் பகோடாவின் திண்ணைகளில் போய்ப் படுத்துக்கொண்டார்கள். தங்கக் கோபுரத்தின் கீழே பாய் விரித்து, ஏகாதிபத்தியத்தை ஒழிக்கத் திட்டம் போட்டார்கள். அந்தப் பாய்களுக்கு நடுவே மாண்டலேயிலிருந்து வந்த இரண்டு பெண்கள் ரொம்பப் பிரபலம். ஒருவர் மா ஓன், இன்னொருவர் மா அமார். இருபது வயசுப் பெண்கள், வீட்டைவிட்டு, ஹாஸ்டலைவிட்டு, ஆண் பிள்ளைகள் நிறைந்த போராட்டக் களத்தில்! மாண்டலே அத்தைகள் என்ன பேசியிருப்பார்கள் என்று நீங்களே கற்பனை செய்துகொள்ளலாம். இந்தக் காட்சியை மட்டும் ஓரமாகப் பத்திரப்படுத்தி வையுங்கள், கடைசியில் தேவைப்படும்.

ஸ்டிரைக் ஜெயித்தது. வரலாற்றுப் புத்தகங்கள் அதைத் தேசிய எழுச்சியின் முதல் அத்தியாயம் என்று எழுதும். உண்மைதான். ஆனால் அப்போது பகோடாவில் படுத்திருந்த சராசரி மாணவனைக் கேட்டால் வேறு காரணம் சொல்லியிருப்பான். பரீட்சை தள்ளிப்போனது.

டிகிரியெல்லாம் முடிந்தபின் அமார் ஒரு மொழிபெயர்ப்பில் இறங்கினார். மாரிஸ் காலிஸ் என்ற வெள்ளைக்கார மாஜிஸ்திரேட் ரங்கூனில் தான் விசாரித்த வழக்குகளைப் பற்றி எழுதிய புத்தகம். காலிஸ் ஒரு விசித்திரப் பிறவி. கல்கத்தா மேயர் சென்குப்தா ரங்கூனில் ராஜத்துரோகமாகப் பேசினார் என்று 1930-ல் அவர் முன்னால் கொண்டுவந்து நிறுத்தினார்கள். காலிஸ் யோசித்தார், யோசித்தார், பத்தே பத்து நாள் ஜெயில் கொடுத்தார். 'ராஜத்துரோகத்துக்குப் பத்து நாளா?' என்று வெள்ளைக்காரர்கள் கொதித்தார்கள். 'பத்து நாள் எதற்கு?' என்று இந்தியர்கள் கொதித்தார்கள். அடுத்து, காரோட்டிப் பெண்களை இடித்த ஒரு வெள்ளைக்கார ராணுவ அதிகாரிக்கு ஜெயில் போட்டார். அத்தோடு அவரை நீதி மன்றத்திலிருந்து தூக்கிக் கலால் துறைக்கு அனுப்பிவிட்டார்கள். நேர்மையாகத் தீர்ப்புச் சொன்னவரைச் சாராயக் கணக்குப் பார்க்க அனுப்பும் அளவுக்கு பிரிட்டிஷ் நிர்வாகத்துக்கு நகைச்சுவை உணர்வு இருந்தது. 1938-ல் புத்தகம் வந்தது, சூட்டோடு சூடாக அமாரின் பர்மிய மொழிபெயர்ப்பும் வந்தது. அமாருக்குப் பெயர் கிடைத்த முதல் புத்தகம் ஒரு வெள்ளைக்காரர் எழுதியது!

இதற்கிடையே ஒரு பத்திரிகாசிரியர் அமாரின் கட்டுரைகளை விடாமல் கேட்டு வாங்கிப் போட்டுக்கொண்டிருந்தார். ஊ ஹ்லா. கீபுவாயே என்ற பத்திரிகை நடத்தினார். சாந்தமான மனிதர், எப்போதும் சிரித்த முகம், யாரோடும் சண்டைக்குப் போகாதவர். அமார் நேர் எதிர். ஓர் எழுத்தாளரின் இதயத்தை அடைய மலரும் வேண்டாம், கவிதையும் வேண்டாம், எழுதியதை வெட்டாமல் அச்சில் போட்டால் போதும் என்ற ரகசியம் ஊ ஹ்லாவுக்குத் தெரிந்திருந்தது. 1939-ல் கல்யாணம். பத்திரிகையைத் தூக்கிக்கொண்டு மாண்டலேக்கே குடிவந்தார். சன்மானம் கொடுக்காமல் ஆயுள் முழுக்கக் கட்டுரை வாங்க இதைவிடச் சிக்கனமான வழி எந்த ஆசிரியருக்கும் அகப்பட்டதில்லை.

யுத்தம் வந்தது. 1942 ஏப்ரல் 3, புனித வெள்ளியன்று ஜப்பான் விமானங்கள் மாண்டலேயைக் கொளுத்திவிட்டுப் போயின. பிரிட்டிஷார் ஓடினார்கள், ஜப்பானியர் வந்தார்கள், ஜப்பானியர் ஓடினார்கள், பிரிட்டிஷார் வந்தார்கள். எல்லாரும் வந்து போன பிறகு, 1945-ல், தம்பதி லூடு என்று ஒரு வாரப் பத்திரிகை தொடங்கினார்கள். மறு வருஷமே அதே பெயரில் நாளிதழ். லூடு என்றால் மக்கள். பத்திரிகை இடதுசாரி, நாக்கில் நரம்பில்லாதது, விற்பனையில் சூரன். ஊர் அந்தப் பெயரை எடுத்து ஆசிரியர்களின் தலையில் ஒட்டிவிட்டது. ஊ ஹ்லா லூடு ஊ ஹ்லா ஆனார், மா அமார் மரியாதை கூடி லூடு டாவ் அமார் ஆனார். பர்மியர்களுக்கு இனிஷியல் கிடையாது, குடும்பப் பெயர் கிடையாது. ஊர்தான் பார்த்து ஒட்டவேண்டும்.

1948 ஜனவரி 4, விடிகாலை 4.20-க்கு பர்மாவுக்குச் சுதந்திரம். அதென்ன 4.20 என்றால், ஜோசியர்கள் குறித்த முகூர்த்தம். அவ்வளவு பார்த்துப் பார்த்துக் குறித்தும் மூன்றே மாதத்தில் உள்நாட்டுப் போர் வந்துவிட்டது. கம்யூனிஸ்டுகள் ஒரு பக்கம், கரேன் படை ஒரு பக்கம். மாண்டலே கைக்குக் கை மாறியது. காலையில் எழுந்ததும் இன்று யார் ஆட்சி என்று பக்கத்து வீட்டில் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டிய நிலைமை.

இந்தக் குழப்பத்தில் அரசாங்கச் சிப்பாய்களுக்கு லூடு மேல் ஆத்திரம். கலகக்காரர்களுக்குப் பரிந்து எழுதுகிறார்கள் என்று அச்சகத்துக்கு வெடி வைத்துத் தகர்த்தார்கள். அது போதவில்லை. குடும்பத்தை வெளியே இழுத்துத் தெருவில் வரிசையாக நிற்கவைத்தார்கள். வரிசையில் கர்ப்பிணிகள் இரண்டு பேர். அமார் கைக்குழந்தைக்குப் பால் கொடுத்துக்கொண்டிருந்த நேரம். துப்பாக்கிகள் உயர்ந்துவிட்டன. நல்ல வேளையாக, அக்கம்பக்கத்து ஜனங்களும் காவி கட்டிய பிக்குகளும் ஓடிவந்து குறுக்கே புகுந்து தடுத்ததால் பிழைத்தார்கள். சுட நின்றவன் வெள்ளைக்காரன் இல்லை. ஜப்பான்காரனும் இல்லை. சொந்தச் சுதந்திர அரசாங்கத்துச் சிப்பாய். அந்த அரசாங்கத்தின் பிரதமர், பகோடாவில் பக்கத்துப் பாயில் படுத்திருந்த ஊ நூ.

ஊ நூவை வில்லனாக்கி விடவேண்டாம். பக்திமான், நாடகாசிரியர், மொழிபெயர்ப்பாளர், நல்ல மனிதர். ஸ்டிரைக் தலைவராக இருந்தபோது பத்திரிகைச் சுதந்திரம் தேன் மாதிரி இனித்தது. பிரதமர் ஆனதும் அதே தேன் பல்லில் கூசியது. 1953-ல் அமார் உலக மாதர் மாநாடு, சமாதான மாநாடு, இளைஞர் விழா என்று கோபன்ஹேகன், புடாபெஸ்ட், புகாரெஸ்ட் எல்லாம் சுற்றிவந்தார். அதே வருஷம் லூடுவில் வந்த ஒரு செய்திக்காக ஊ ஹ்லாவைத் தூக்கி உள்ளே போட்டார்கள். மூன்று வருஷத்துக்கு மேல். மனைவிக்கு ஐரோப்பா, கணவனுக்கு ரங்கூன் சென்ட்ரல் ஜெயில்!

ஊ ஹ்லா ஜெயிலில் என்ன செய்தார் என்பதுதான் ரசமான விஷயம். அழவில்லை, கொள்கை விளக்கம் எழுதவில்லை. பக்கத்தில் இருந்த திருடனையும் பிக்பாக்கெட்டையும் கொலைகாரனையும் உட்காரவைத்து, 'நீ எப்படி இங்கே வந்தாய் தம்பி?' என்று கதை கேட்டார். கேட்டதை அப்படியே எழுதினார். கூண்டில் அடைபட்ட பறவைகள் என்ற பொருளில் பெயர் வைத்த அந்தப் புத்தகத்துக்கு 1958-ல் யுனெஸ்கோ பரிசு கிடைத்தது. ரங்கூன் அரசாங்கம் செலவு செய்து சாப்பாடு போட்டு, உலகத்தரம் வாய்ந்த ஒரு ஃபீல்ட் ஒர்க்கை நடத்திக் கொடுத்திருந்தது. வெளியே வந்தும் அந்த மனிதருக்குக் கதைப் பசி அடங்கவில்லை. மலை மலையாக ஏறி, பர்மாவின் எல்லா இனத்து நாட்டுப்புறக் கதைகளையும் திரட்டி நாற்பதுக்கும் அதிகமான தொகுதிகள் போட்டார்.

பத்திரிகையை யார் பார்த்தது? அமார். ஐந்து பிள்ளைகளை யார் பார்த்தது? அதுவும் அமார்தான். யுனெஸ்கோ அதற்கெல்லாம் பரிசு வைத்திருக்கவில்லை.

1958-ல் ஊ நூ, 'கொஞ்ச நாள் பார்த்துக்கொள்ளுங்கள்' என்று ஆட்சியை ராணுவத் தளபதி நே வின் கையில் கொடுத்தார். பார்த்துக்கொண்டவர்கள் லூடுவுக்குச் சீல் வைத்தார்கள். ஊ நூ திரும்பி வந்தார். 1962-ல் நே வின் இந்த முறை கேட்காமலே எடுத்துக்கொண்டார். நே வின்னை நம்மில் பலருக்குத் தெரியும். 1964-ல் கடைகளையும் தொழில்களையும் நாட்டுடைமை என்று அறிவித்து, ஆயிரக்கணக்கான தமிழ்க் குடும்பங்களைக் கையில் ஒரு பெட்டியோடு கப்பல் ஏற்றியவர். சென்னையில் பர்மா பஜாரும் அத்தோ கடையும் இருக்கக் காரணமானவர்களில் தலையாயவர். ஆனால் அவர் பஜார் போடவேண்டும் என்று நினைத்து அனுப்பவில்லை.

அதே 1964-ல் அமார் எழுதிய 'மக்கள் நேசித்த கலைஞர்கள்' புத்தகத்துக்கு அரசாங்கத்தின் தேசிய இலக்கியப் பரிசு. மூன்று வருஷம் கழித்து, 1967 ஜூலை 7-ம் தேதி, அதே அரசாங்கம் லூடு நாளிதழை ஒரேயடியாக மூடியது. ஆசிரியருக்குப் பரிசு, பத்திரிகைக்குப் பூட்டு. ஒரே கை இரண்டையும் எப்படிச் செய்தது என்று கேட்காதீர்கள். ராணுவ அரசாங்கத்துக்குக் கைகள் நிறைய.

1967 இன்னொன்றையும் கொண்டுவந்தது. மூத்த மகன் சோ வின் சில வருஷம் முன்பே காட்டுக்குப் போய் கம்யூனிஸ்ட் கட்சியில் சேர்ந்திருந்தார். அந்த வருஷம் கட்சிக்குள் களையெடுப்பு நடந்தது. மாவோவின் செங்காவலர்கள் மாதிரி தாங்களும் சுத்திகரிக்கக் கிளம்பியவர்கள், சொந்தத் தோழர்களையே கொன்றார்கள். சோ வின்னும் கொல்லப்பட்டார். ஆயுசு முழுக்க எந்த இடதுசாரிக் கனவுக்காகப் பேனா பிடித்தார்களோ, அந்தக் கனவின் ஆட்களே மகனை எடுத்துக்கொண்டார்கள். இங்கே கிண்டலுக்கு இடமில்லை. அடுத்த பத்திக்குப் போவோம்.

இரண்டாவது மகன் மாணவனாக இருக்கும்போதே ஜெயிலுக்குப் போய்ப் பல வருஷம் கழித்து வந்தார், பிறகு அவரும் தலைமறைவானார். அதையொட்டி 1978-ல் அமார், ஊ ஹ்லா, கடைக்குட்டி நீ பு லே என்று மூன்று பேரையும் பிடித்தார்கள். அமாருக்கு அப்போது 62 வயது. பெரியவர்கள் இருவரும் ஒரு வருஷத்துக்கு மேல் உள்ளே. நீ பு லே பின்னாளில் நல்ல சிறுகதைக்காரர் ஆனார். 1990-ல் அவரை மறுபடி பிடித்து 1999 வரை வைத்திருந்தார்கள். மற்ற வீடுகளில் ரேஷன் கார்டு மாதிரி, இந்த வீட்டில் ஆளுக்கொரு கைதி எண்.

பத்திரிகை போனபிறகு அமார் சும்மா இருந்தாரா? அரசியல் எழுதினால்தானே சென்சார் வெட்டுவான் என்று, கூத்துக்காரர்கள் பக்கம் திரும்பினார். மாண்டலே என்பது ராஜாக்களின் ஊர் மட்டுமல்ல, ஆட்டக்காரர்களின் ஊர். விடிய விடிய நடக்கும் ஸாட் ப்வே, ஒரு நாட்டியக்காரியும் அவளைச் சுற்றிக் கோமாளிகளும் ஆடும் அன்யெய்ன்ட், மேளக்காரர்கள், பாட்டுக்காரர்கள் என்று ஒவ்வொருவரையும் தேடி எழுதினார். மாமன்னன் மாதிரி வலம் வந்த நடிகர் போ செய்ன் பற்றி எழுதினார். தரையில் பாய் விரித்து ஆடிக்கொண்டிருந்த கூத்தை மேடையில் ஏற்றியவர் அவர். கடைசி ராஜாவை வெள்ளைக்காரன் ரத்னகிரிக்கு அனுப்பிவிட்டான். ஜனங்களுக்கு ராஜா வேண்டும். அரிதாரம் பூசிய ராஜா கிடைத்தார், அவர் வரியும் போடவில்லை.

கூத்து பாதுகாப்பான சப்ஜெக்ட் என்று நீங்கள் நினைத்தால், 1996-ஐக் கேளுங்கள். மாண்டலேயின் மீசைச் சகோதரர்கள் என்ற கோமாளிக் குழுவினர் அந்த ஜனவரி 4 அன்று ஆங் சான் சூச்சி வீட்டு முற்றத்தில் தளபதிகளைப் பற்றி ஜோக் அடித்தார்கள். இரண்டு பேருக்கு ஏழு வருஷம். நம்மூர்ப் பட்டிமன்றப் பேச்சாளர்கள் இதை மனதில் வைத்துத் தினமும் ஒரு விளக்கேற்ற வேண்டும்.

1982-ல் ஊ ஹ்லா இறந்தார். அதற்குப் பிறகு அமார் கிழவி ஆனார். வயதில் மட்டுமல்ல, பதவியாகவே. தலை உச்சியில் கொண்டை, இடுப்பில் பழைய கட்டு தமெய்ன் லுங்கி, வாயில் எல்லாவற்றுக்கும் ஓர் அபிப்பிராயம். அம்மாவின் பழங்காலப் பேச்சு என்ற தலைப்பில் கட்டுரைகள் எழுதித் தள்ளினார். இந்தக் காலத்துப் பெண்கள் உடுத்துவது சரியில்லை. பிள்ளைகளுக்குப் பெரியவர்கள் மேல் மரியாதை இல்லை. மேல்நாட்டு மோகம் வீட்டுக்குள் நுழைந்துவிட்டது. எங்கள் காலத்தில் பெண் என்றால்...

இப்போது அந்த ஓரமாக வைத்த காட்சியை எடுங்கள். அமெரிக்க மிஷன் பள்ளியில் படித்து, சயன்ஸ் எடுத்து, வெள்ளைக்காரர் புத்தகத்தை மொழிபெயர்த்து, புகாரெஸ்ட் வரை போய் வந்த பெண். இருபது வயதில் பகோடாத் திண்ணையில் பாய் போட்டுப் படுத்த பெண். எந்த அத்தைகளை அலற வைத்தாரோ, அந்த அத்தையாகவே கடைசியில் வந்து உட்கார்ந்துவிட்டார்! இதில் பாசத்தோடு சிரிக்க முடியாத ஒரு பகுதியும் உண்டு. தொண்ணூறுகளில் சீனத்துப் பணம் மாண்டலேயின் நடுவில் இடம் வாங்கிக் குவித்தபோது பழைய ஆட்கள் ஊருக்கு வெளியே தள்ளப்பட்டார்கள். பாட்டிக்கு அதில் பெருங்கோபம். கோபத்துக்குக் காரணம் நிஜமானது. ஆனால் அந்தக் கோபம் இடத்தை விற்க வழிசெய்த தளபதிகளையும், வாங்கிய பக்கத்துத் தெரு சீனக் கடைக்காரரையும் எப்போதும் கவனமாகப் பிரித்துப் பார்த்தது என்று சொல்ல முடியாது. அப்துல் ரசாக் சார் இருந்திருந்தால் ஒரு வார்த்தை சொல்லியிருப்பார் என்பது என் எண்ணம்.

ஆனால் பாருங்கள், பேச்சோடு நிற்கிற பாட்டி இல்லை இவர். தொண்ணூறுகளின் கடைசியில் மாண்டலேயில் சாவதும் செலவுள்ள விஷயமாகிவிட்டது. வைத்தியத்துக்கே விற்க முடிந்ததை எல்லாம் விற்றுத் தீர்த்த குடும்பத்துக்குப் பெட்டி வாங்கவும் வண்டி வைக்கவும் காசு இருக்காது. அப்போது பியமசோ என்ற சங்கம் உருவானது. அதைத் தொடங்கிவைத்தவர்களில் அமார் பாட்டி முக்கியமானவர். ஏழை, பணக்காரன், பௌத்தன், முஸ்லிம் எதுவும் கேட்கமாட்டார்கள். சொல்லி அனுப்பினால் வண்டி வரும், பெட்டி வரும், தூக்க ஆள் வரும், காசு வாங்கமாட்டார்கள். பிறகு இலவச வைத்தியமும் சேர்ந்தது. வாழும்போது மக்களுக்கு எதையும் செய்யவிடாத அரசாங்கம், செத்தபிறகு செய்தால் அவ்வளவாகத் தடுக்காது என்பதைப் பாட்டி மோப்பம் பிடித்திருந்தார்.

மாண்டலேயைப் பார்த்து ரங்கூனுக்கும் ரோஷம் வந்தது. தூக்கா என்ற மூத்த சினிமா டைரக்டர் 2001-ல் அங்கே ஓர் இலவச ஈமச்சடங்குச் சங்கம் தொடங்கினார். கூடவே வந்து சேர்ந்தார் ச்யாவ் தூ. யார் அவர்? சினிமா ஹீரோ. 1994-ல் பர்மாவின் அகாடமி விருது வாங்கியவர். அவர் சவ வண்டியைத் தானே ஓட்டினார், பெட்டியைத் தோளில் சுமந்தார். நினைத்துப் பாருங்கள்: தாத்தா இறந்துவிட்டார் என்று அழுதுகொண்டே வாசலுக்கு வருகிறீர்கள், வண்டியிலிருந்து மார்க்கெட்டில் உள்ள ஹீரோ இறங்குகிறார். அழுவதா, ஆட்டோகிராஃப் வாங்குவதா? 2007-ல் காவிப் புரட்சியின்போது ஊர்வலம் போன பிக்குகளுக்குச் சோறு போட்டார் என்பதற்காக அவரைப் பிடித்து வைத்தார்கள், சினிமாவில் நடிக்கவும் தடை. கால்ஷீட் பிரச்சினை தீர்ந்தது. முழு நேரமும் சவ வண்டிக்கே கிடைத்தார்.

அமார் பாட்டியை இந்தக் கட்டத்தில் அரசாங்கம் ஒன்றும் செய்யவில்லை. அவர் எழுதுவதை வெட்டினார்கள், அவ்வளவுதான். தொண்ணூறை நெருங்கும் கிழவியை ஜெயிலில் போட்டால் போட்டவனுக்குத்தான் ஆயுசு குறையும் என்ற பயம். ஜோசியம் பார்த்து ரூபாய் நோட்டை மாற்றிய நாடு அது. ஒன்பதால் வகுபட வேண்டும் என்று 45 ச்யாட், 90 ச்யாட் நோட்டு அடித்தவர் நே வின்.

ஆகவே நவம்பர் 29 வந்தால் பாட்டிக்குப் பிறந்தநாள் விழா. அமரபுரத்தில், தாவுங்தமான் ஏரிக்கரை மடத்தில் கூடுவார்கள். எழுத்தாளர்கள், ஓவியர்கள், கார்ட்டூனிஸ்டுகள், பாடகர்கள், நேற்றுதான் ஜெயிலிலிருந்து வந்தவர்கள், நாளை போகப் போகிறவர்கள். ஐந்து பேருக்கு மேல் கூடினால் குற்றம் என்று சட்டம் இருந்த நாடு. இலக்கியக் கூட்டம் என்றால் அனுமதி கிடைக்காது. சங்கம் என்றால் கிடைக்கவே கிடைக்காது. ஆனால் ஒரு கிழவிக்குப் பல்லாண்டு சொல்லக்கூடாது என்று எந்தச் செக்‌ஷனில் எழுதுவது? உளவுத்துறை ஆட்கள் வந்து, யார் யார் என்று பார்த்துவைத்துக்கொண்டு போவார்கள். பர்மிய இலக்கியத்தில் அந்த வருஷம் யார் முக்கியமானவர் என்று தெரிய விமர்சகர்களைக் கேட்கவேண்டாம், அந்த ஃபைலைப் புரட்டினால் போதும்.

மேல்நாட்டுப் பழக்கங்கள் ஊரைக் கெடுக்கின்றன என்று எழுதியவருக்கு, ஊரிலேயே பெரிய பர்த்டே பார்ட்டி! பாட்டி அதற்கு மட்டும் ஆட்சேபம் சொன்னதில்லை.

2008 ஏப்ரல் 7-ம் தேதி மாண்டலேயில் காலமானார். பிரிட்டிஷார், ஜப்பானியர், ஊ நூ, நே வின், நே வின் போனபிறகு பெயரை மட்டும் மாற்றிக்கொண்டே இருந்த தளபதிகள் என்று எல்லாரையும் பார்த்தவர். அவர் பார்க்காமல் விட்ட ஒன்று, அடுத்த மாதம் நடந்தது. மே மாதத் தொடக்கத்தில் நர்கிஸ் புயல் டெல்டாவை வாரிக்கொண்டு போயிருந்தது, பிணங்கள் தண்ணீரில் மிதந்துகொண்டிருந்தன. அந்த நேரத்தில் தளபதிகள் தங்கள் புதிய அரசியல் சட்டத்துக்கு ஜன வாக்கெடுப்பு நடத்தினார்கள். 92.48 சதவீதம் பேர் ஆமாம் என்று சொன்னதாக அறிவித்தார்கள்.

அமார் பாட்டி போகும்போது வயது 92. அந்த வருஷம் பர்மாவில் அந்த எண்ணை நிஜமாகவே எட்டியவர் அவர்தான்.